நாற்பத்தேழு தகர டப்பாக்கள்

சொந்தக் கணவரைப் பற்றித் தானே எடுத்த படமாக இருந்தாலும், அதை ஐந்து பேருக்கு மேல் காட்டவேண்டுமென்றால் உண்மைப்படச் சீராய்வு வாரியத்தின் சான்றிதழ் வேண்டும். ஐந்து பேர் வரைக்கும் அது குடும்ப விவகாரம். ஆறாவது ஆள் வந்து உட்கார்ந்த நிமிடத்திலிருந்து பொது அமைதி சம்பந்தப்பட்ட விஷயம். இந்த எண்ணிக்கையை யார் தீர்மானித்தது என்று வாரியத்தில் ஒருவருக்கும் தெரியாது. ஆனால் பெரிய குடும்பங்களுக்கு இதனால் வந்த சங்கடங்களை விசாரிக்கத் தனியாக ஒரு பிரிவு இருந்தது.

படக்காரிக்கு விதி தெரியாமல் இல்லை. பத்து வருடமாக ஆவணப்படம் எடுக்கிறவள். எந்த நிறுவனத்தையும் சாராமல், தோளில் கேமராவும் கையில் முக்காலியுமாக அலைந்து, சாக்கடைக் குழாயில் இறங்குகிறவர்களைப் பற்றியும், சலவைக்கூடத்தில் நிற்கிறவர்களைப் பற்றியும், சுமை தூக்குகிறவர்களின் முதுகுகளைப் பற்றியும் படம் எடுத்திருந்தாள். அவையெல்லாம் ஒரு சிக்கலும் இல்லாமல் சான்றிதழ் வாங்கின. பிறத்தியார் கஷ்டம் என்றால் வாரியம் அதைக் கல்விப் படம் என்று சேர்த்துக்கொள்ளும். இந்த முறைதான் அவள் தன் சொந்தக் கஷ்டத்தைக் கொண்டு போனாள். அதற்கு அங்கே வேறு வரிசை.

அவளுக்குப் படக்காரி என்று பெயர் வைத்தவர் அவள் கணவர். அவர் லிஃப்ட் மெக்கானிக். பொது மருத்துவமனையின் லிஃப்டைப் பத்தொன்பது வருடம் ஓடவைத்தவர். கடைசி வருடம் அதன் பிரேக்கை இயக்கும் கம்பிச்சுருளான காயில் பழுதாகிக்கொண்டு வருவதைக் கண்டு, புதிது வேண்டும் என்று பதினான்கு கடிதங்கள் எழுதினார். பதினான்கும் பரிசீலனையில் இருக்கும்போதே காயில் எரிந்துபோய் லிஃப்ட் நின்றது. அது நின்ற மூன்றாவது வாரம் அவருக்கு நெஞ்சில் சளி கட்டி மூச்சு முட்டியது. மூச்சு இயந்திரம் இருந்த வார்டு நான்காவது மாடி. அவர் தரைத்தளத்து நடைபாதையில் பதினோரு நாள் கிடந்தார். பன்னிரண்டாம் நாள் நான்கு பேர் ஸ்ட்ரெச்சரோடு அவரைப் படியில் தூக்கிக்கொண்டு போனார்கள். இரண்டாவது மாடிக்கும் மூன்றாவது மாடிக்கும் நடுவில், படி திரும்பும் இடத்தில், அவர் இறந்துபோனார்.

படம் எடுக்கச் சொன்னவரும் அவர்தான். முதல் நாளே சொல்லிவிட்டார். "கேமராவை எடு. எழுத்துல பதினாலு தடவை குடுத்துட்டேன். எழுத்தை அவங்க படிக்க மாட்டாங்க. ஒரே ஒரு தடவை, நல்ல பெரிய ஸ்பீக்கர்ல, கையெழுத்துப் போடற ஆளுங்க உட்கார்ந்திருக்கற இடத்துல என் குரலைப் போட்டுக் காட்டு. அது போதும்."

அவள் செய்வதற்கு மிச்சமிருந்த வேலை அது ஒன்றுதான். படம் ஐம்பத்தோரு நிமிடம். ஒலி பிடித்தவள் நாத்தனார், அவருடைய தங்கை. மருந்துக்கடையில் வேலை பார்ப்பவள், அண்ணிக்காக மைக் பிடிக்கக் கற்றுக்கொண்டவள்.

வாரியத்தின் முகப்பில் இருந்த எழுத்தர் படிவத்தை மேலிருந்து கீழாகவும், பிறகு ஏதோ சந்தேகத்தில் கீழிருந்து மேலாகவும் படித்தார்.

"வகைன்னு கேட்ட இடத்துல சொந்த அனுபவம்னு போட்டிருக்கீங்க. செத்தது யாரு?"

"என் வீட்டுக்காரர்."

"அப்போ அனுபவம் அவரோடது. அவர்தானே விண்ணப்பம் போடணும்?"

தான் பன்னிரண்டு நாளும் பக்கத்தில் இருந்து பார்த்ததாகச் சொன்னாள் படக்காரி.

"பார்க்கறது அனுபவம் இல்லம்மா. அது வேடிக்கை. வேடிக்கைன்னா வேற படிவம், மஞ்சள் கலர்."

அவள் இறப்புச் சான்றிதழை எடுத்து நீட்டினாள். எழுத்தர் அதைப் பரிவோடு திருப்பிக் கொடுத்தார். அது அவர் இறந்ததற்கான சான்று, அதனால் இவளுக்கு அனுபவம் ஏற்பட்டதற்குச் சான்று எங்கே என்று கேட்டார். இவள் துக்கத்தில் இருப்பதாக, இவளை ஓராண்டுக்குக் குறையாமல் அறிந்த ஓர் அரசு அதிகாரி முத்திரையோடு எழுதித்தர வேண்டுமாம்.

அவள் இரண்டு அதிகாரிகளைப் பார்த்தாள். முதலாமவர், தான் பார்க்கும்போது அவள் அழவில்லை என்றார். இரண்டாமவர், தன் முன்னால் அழுதால் பிறருக்கும் அழ இடம் கொடுத்ததாகிவிடும் என்றார். கடைசியில் அடுத்த தெருவில் இருந்த அரசுக் கால்நடை மருத்துவர் இரக்கப்பட்டு எழுதிக் கொடுத்தார்: "மேற்படியாரை நான் ஆறு ஆண்டுகளாக அறிவேன். அவர் உண்மையாகவே துக்கத்தில் இருக்கிறார். இது தொற்றக்கூடியது அன்று." எழுத்தருக்குக் கடைசி வாக்கியம் மிகவும் பிடித்துவிட்டது. வழக்கமாக யாரும் இதைத் தெளிவாகக் குறிப்பிடுவதில்லை என்று குறைபட்டுக்கொண்டு முத்திரை குத்தினார்.

சீராய்வுக் குழுவில் தலைவரையும் சேர்த்து நான்கு பேர். ஒருவர் ஓய்வுபெற்ற பல் மருத்துவர். ஒருவர் பள்ளிக்கூடங்களுக்கு நீதிபோதனைப் புத்தகம் எழுதும் அம்மாள். மூன்றாமவர் என்ன செய்துகொண்டிருந்தவர் என்பது தெரியவில்லை. விளக்கை அணைப்பதற்கு முன்பே தூங்கிவிடுவார். தலைவர் முப்பது வருடம் பூங்காத் துறையில் கண்காணிப்பாளராக இருந்தவர். விண்ணப்பதாரர் பின்னால் ஒரு முக்காலியில் வாய் திறக்காமல் உட்காரவேண்டும்.

அவர்கள் வேலை செய்யும் விதம் இதுதான். ஒவ்வொரு நாற்காலியின் கையிலும் ஒரு மணிப் பொத்தான் உண்டு. படம் ஓடும்போது உறுப்பினர் மனதில் ஏதாவது ஏற்பட்டால் பொத்தானை அழுத்தவேண்டும். என்ன ஏற்பட்டது என்று சொல்லவேண்டிய அவசியம் இல்லை. மணி அடித்ததும் அந்தக் காட்சி முடிகிறவரை, உறுப்பினர்களின் மனநலம் கருதி, ஒலியை நிறுத்திவிடுவார்கள். பக்கத்தில் ஒருவர் நிமிடத்தைக் குறித்துக்கொள்வார். அந்தக் காட்சி படத்திலிருந்து வெட்டப்படும். அடித்த மணியைத் திரும்பப் பெற விதியில் இடமில்லை.

முதல் மணி, காலியாக இருந்த நடைபாதை திரையில் வந்தபோது அடித்தது. தூங்குகிறவரின் முழங்கை பட்டுவிட்டது. நடைபாதை போயிற்று. இரண்டாவது மணி பல் மருத்துவருடையது. மூச்சுக்காகக் கணவர் வாயைத் திறந்தபோது இவர் அழுத்தினார். இப்படிப் பராமரிக்கப்பட்ட பற்களைப் பொதுமக்கள் பார்ப்பது நல்லதல்ல என்பது அவர் கருத்து. மூன்றாவது மணியைத் தலைவரே அடித்தார். படுத்த படுக்கையில் இருந்தபடி கணவர் அந்தக் காயிலைப் பற்றி விளக்கும் நான்கு நிமிடக் காட்சி அது. தொடங்கி ஒரு நிமிடம் ஆவதற்குள் ஒலி நின்றது. மீதி மூன்று நிமிடம் அவர் உதடு மட்டும் அசைந்துகொண்டிருந்தது.

விளக்கைப் போட்ட பிறகு தலைவர் அவளை முக்காலியோடு அருகில் வரச்சொன்னார்.

"வெட்டறதுன்னா கோபம்னு நினைக்காதீங்கம்மா. செடிமேல அன்பு இருக்கறவன்தான் கத்தரியை எடுப்பான். உங்க படத்தை நான் வேரோட பிடுங்கியிருக்கலாம். செய்யலையே. மூணே மூணு கிளை."

படக்காரி மூன்றாவது கிளையைப் பற்றிக் கேட்டாள். அதில் பொய் ஏதும் இல்லை என்றாள்.

"பொய்னு யார் சொன்னா? பொய்யா இருந்தா விட்டிருப்பேன். இவர் எந்தத் திருகை முதல்ல கழட்டணும்னு சொல்றார். நாற்பது நிமிஷ வேலைன்னு சொல்றார். இதைக் கேக்கறவன் என்ன நினைப்பான்? அட, இவ்வளவு சுலபமான்னு நினைப்பான். ஜனங்க நம்மளைத் திருடன்னு நினைக்கட்டும், சோம்பேறின்னு நினைக்கட்டும், தாங்கிக்கலாம். சுலபமான வேலைன்னு மட்டும் நினைச்சுடக் கூடாதும்மா. அப்புறம் நாங்க எதுக்கு?"

அந்த இடத்தில் "மின்தூக்கி பரிசீலனையில் உள்ளது" என்று ஓர் அட்டையைக் காட்டிக்கொள்ள அனுமதி கொடுத்தார். அதைத் தனிப்பட்ட சலுகையாக எடுத்துக்கொள்ளச் சொன்னார்.

வெட்டோடு விஷயம் முடிவதில்லை. வெட்டிய பகுதியை வாரியத்திடம் ஒப்படைக்கவேண்டும். சுருள் படக் காலத்து விதி என்பதால் ஒவ்வொரு வெட்டும் தனித்தனித் தகர டப்பாவில் வரவேண்டும். இப்போது உள்ளே இருப்பது சுண்டுவிரல் அளவு பென் டிரைவ் என்றாலும் டப்பா பழைய அளவுதான், சாப்பாட்டுத் தட்டு அகலம். மூடி மேல் அரக்கு முத்திரை. பிறகு வாரியத்தின் தொழில்நுட்ப ஆள் வீட்டுக்கு வந்து, வெட்டிய பகுதியின் எல்லாப் பிரதிகளையும், மூலத்தையும் சேர்த்து, அழித்துவிட்டுப் போவார். மாட்டேன் என்றால் மொத்தப் படமும் பறிமுதல்.

நாத்தனார் அன்று மருந்துக்கடைக்குப் போகவில்லை. வெட்டுப் பட்டியலைப் படித்துவிட்டு மடியில் வைத்துக்கொண்டாள்.

"அண்ணன் பேசினதை எடுத்துட்டா அப்புறம் அதுல என்ன இருக்கு அண்ணி? படிக்கட்டு இருக்கு. படிக்கட்டைப் பார்க்க யார் வருவாங்க?"

படக்காரி மூன்று டப்பாக்களை வாங்கி வந்திருந்தாள். அவற்றை மேசைமேல் அடுக்கிவைத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

வைப்பறை வாரியக் கட்டடத்தின் அடித்தளத்தில் இருந்தது. கூரைவரை தகர டப்பாக்கள். நடுவில் ஒரு மேசை, ஒரு விளக்கு, ஒரு மனிதர். வைப்பறைக்காரர் அவள் டப்பாக்களை வாங்கிக் குலுக்கிப் பார்த்தார்.

"இந்த ஊர்லயே அதிகமா படம் பார்த்தவன் நான்தான்மா. ஒரு படத்துக்கும் கதை தெரியாது."

இத்தனையையும் வைத்துக்கொண்டு என்ன செய்வார்கள் என்று பேச்சுக்குக் கேட்டாள் அவள். வருடா வருடம் நிறுவன நாள் வரும், அன்றைக்கு அந்த வருடத்து வெட்டுகள் எல்லாவற்றையும் வரிசையாக ஒட்டி மேல்மாடி அரங்கத்தில் போட்டுக் காட்டுவார்கள் என்றார் அவர். அவள் சரியாகக் கேட்கவில்லையோ என்று நினைத்து, யாருக்கு என்றாள்.

"எல்லாருக்கும்தான். எல்லாத் துறைத் தலைவருங்களும், பெண்டாட்டி பிள்ளைங்களோட. அறுநூறு பேர் வருவாங்க. வெட்டினதைக் காட்டலைன்னா இவங்க வருஷம் பூரா என்னத்தைக் கிழிச்சாங்கன்னு வெளியில எப்படித் தெரியும்?"

"பொது மருத்துவமனைக் கண்காணிப்பாளர் வருவாரா?"

"அவருக்கு முன்வரிசை."

"ஸ்பீக்கர் எப்படி?"

அவர் கையை விரித்துச் சிரித்தார். "அதுல இருமினா எதிர்த்தெருவுல தண்ணி எடுத்துக்கிட்டு ஓடிவருவாங்க."

அவள் படியேறி வந்தாள். பிறகு நேராக முகப்பு எழுத்தரிடம் போய் மேல்முறையீட்டுப் படிவம் கேட்டாள். வெட்டைக் குறைக்கச் சொல்லித்தானே என்று சலித்துக்கொண்டே படிவத்தை எடுத்தார் அவர். இல்லை, அதிகமாக்கச் சொல்லி என்றாள். எழுத்தர் படிவத்தின் முன்பக்கம் பார்த்தார், பின்பக்கம் பார்த்தார். அதற்குக் கட்டம் இல்லை. ஓரத்தில் கையால் எழுதிக்கொள்ளச் சொன்னார். எழுதி முடிக்கும்வரை உட்காருவதற்குத் தன் நாற்காலியையே இழுத்துப் போட்டார். அந்த அலுவலகத்தில் அவளுக்குக் கிடைத்த முதல் நாற்காலி அது.

அந்த வாரம் முழுவதும் அண்ணியும் நாத்தனாரும் சமையலறை மேசையில் உட்கார்ந்து தங்கள் படத்தில் குற்றம் கண்டுபிடித்தார்கள். மீதியிருந்தது நாற்பத்து நான்கு காட்சிகள். ஒவ்வொன்றுக்கும் வாரியத்துக்கு மூக்கில் வியர்க்கும்படியாக ஒரு காரணம் வேண்டும். முதலில் வயிறு எரிந்துகொண்டுதான் எழுதினார்கள். பன்னிரண்டாவது காட்சிக்கு வரும்போது நாத்தனாருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. இருபதாவது காட்சியில் இரண்டு பேரும் மேசைமேல் கவிழ்ந்து சிரித்தார்கள். அவர் போனபிறகு அந்த வீட்டில் யாரும் சிரித்திருக்கவில்லை என்பது இரண்டு பேருக்கும் ஒரே நேரத்தில் ஞாபகம் வந்து நிறுத்திக்கொண்டார்கள்.

மேல்முறையீட்டில் விண்ணப்பதாரர் பேசலாம். படக்காரி எழுந்து நின்று, திரையில் ஒவ்வொரு காட்சியாக வர வர, தன் படத்துக்கு எதிராக வாதாடினாள். நடைபாதைக் கடிகாரம் ஏழு நிமிடம் தாமதமாக ஓடுகிறது, அரசாங்க நேரத்தின்மேல் சந்தேகம் வரும் என்றாள். செவிலி கொட்டாவி விடுகிறாள், அது தூக்கமின்மையைத் தூண்டும் என்றாள். ஒரு பூனை வரிசையில் நிற்காமல் வார்டுக்குள் போவதைக் காட்டி, இதை மக்கள் பின்பற்றினால் என்ன ஆகும் என்று கேட்டாள். படிக்கட்டு வந்தபோது, இதில் படிகளை எண்ண முடிகிறது என்றாள்.

குழு மெய்ம்மறந்துபோயிற்று. இப்படிப்பட்ட ஒரு பொறுப்புள்ள குடிமகளைத் தன் புத்தகத்தில் நான்காம் வகுப்புக்குப் பாடமாக வைக்கப்போவதாக நீதிபோதனை அம்மாள் சொன்னார். தூங்குகிறவர் வாரியத்தில் சேர்ந்த நாளிலிருந்து முதல்முறையாக விழித்திருந்து, தன் சொந்த விரலால் மணி அடித்தார்.

நாற்பத்து மூன்று காட்சிகள் போயின. மிச்சம் ஒன்று. ஒன்பதாம் நாள் எடுத்தது. நடைபாதைச் சுவரோரம் அவர் படுத்திருக்கிறார். படக்காரி கேமராவை ஜன்னல் விளிம்பில் வைத்துவிட்டு அவருக்குத் தலை வாரிவிடுகிறாள். வகிடு மாறிப்போகிறது. நெற்றியைத் தொட்டுப் பார்த்துவிட்டு அவர் சொல்கிறார்: "அப்படியே விடு. என்னைக் கூப்பிட வர்றவன் ஆள் மாறிப்போச்சுன்னு திரும்பிப் போயிடுவான்." பிறகு சிரிக்கிறார். இருமல் வந்து குறுக்கிட்ட பிறகும், விட்ட இடத்திலிருந்து சிரிக்கிறார்.

யாரும் மணி அடிக்கவில்லை.

"இது நல்லா இருக்கே" என்றார் தலைவர். "இதுல யாருக்கும் ஒரு குறையும் இல்லை. இதை மட்டும் விட்டுடலாம்மா. நம்ம ஆஸ்பத்திரியில நோயாளிங்க சந்தோஷமா இருக்காங்கன்னு நாலு பேருக்குத் தெரியட்டும். நாங்களே பள்ளிக்கூடம் பள்ளிக்கூடமா அனுப்பறோம்."

படக்காரி கையிலிருந்த பட்டியலைப் பார்த்தாள். மற்ற எல்லாம் டப்பாவுக்குள் போய், அவருடைய சிரிப்பு மட்டும் அந்த மருத்துவமனைக்கு நற்சான்றாக ஊர் சுற்றும். பட்டியலில் இந்தக் காட்சிக்கு நேரே அவளும் நாத்தனாரும் எழுதியிருந்த காரணம், வகிடு கோணல் என்பது. அது போதாது என்று அவளுக்குத் தெரிந்தது. அந்தச் சிரிப்புக்கு எதிராக அவளே சாட்சி சொல்லவேண்டும்.

"ஐயா, ஒன்பது நாளா தரையில கிடக்கறவர் சிரிக்கிறார். திட்டறவனா இருந்தா சமாளிக்கலாம். அழறவனா இருந்தா ஆறுதல் சொல்லி அனுப்பலாம். இவர் சிரிக்கிறார். இவருக்கு உங்ககிட்ட பயம் இல்லைன்னு அர்த்தம். இது பரவினா என்ன ஆகும்னு யோசிச்சுப் பாருங்க."

தலைவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டார். நான்கு மணிகளும் ஒன்றாக அடித்தன. திரையில் அவர் சத்தமில்லாமல் சிரித்துக்கொண்டிருந்தார். படக்காரி முக்காலியில் உட்கார்ந்து, அவர் முகத்தைப் பார்க்காமல், தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

படத்தின் தலைப்பும், முடிவில் வரும் நன்றி என்ற சொல்லும் மிஞ்சின. பதினான்கு வினாடி. அதற்கு அனைவரும் காணத்தக்கது என்று சான்றிதழ் கிடைத்தது. விறுவிறுப்பாக இருக்கிறது என்று குழு தனியாக ஒரு பாராட்டும் எழுதியிருந்தது.

தொழில்நுட்ப ஆள் மறுநாள் வீட்டுக்கு வந்தார். மரியாதையான மனிதர். செருப்பை வாசலில் விட்டுவிட்டு வந்து, கணினி வட்டுகள் ஒவ்வொன்றையும் அழித்து, கேமராவின் நினைவக அட்டைகளையும் மறக்காமல் அழித்து, கையெழுத்து வாங்கிக்கொண்டு போனார். இப்போது அவருடைய குரல் உலகத்தில் ஒரே ஓர் இடத்தில்தான் இருந்தது. அடித்தளத்தில், நாற்பத்தேழு தகர டப்பாக்களில்.

"அண்ணி, அன்னிக்கு அவங்க போடலைன்னா?" என்றாள் நாத்தனார்.

படக்காரி கேமரா உறையின் ஜிப்பை இழுத்து மூடினாள்.

நிறுவன நாளுக்கு அழைப்பு வந்தது. ஒரே படத்தில் நாற்பத்தேழு வெட்டு என்பது வாரியத்தின் வரலாற்றில் இல்லாத சாதனையாம். அந்த ஆண்டின் சிறந்த ஒத்துழைப்பாளர் விருது அவளுக்கு. விழா வாரியக் கட்டடத்தின் ஐந்தாவது மாடியில். விருந்தினர்களைப் பத்துப் பத்துப் பேராக லிஃப்டில் ஏற்றி அனுப்பிக்கொண்டிருந்தார்கள். அவர்கள் இரண்டு பேரும் படியேறிப் போனார்கள். அவர் இறந்த பிறகு எந்த லிஃப்டிலும் கால் வைக்க அவர்களுக்கு மனம் வரவில்லை.

அரங்கம் நிரம்பியிருந்தது. முன்வரிசையில் மருத்துவமனைக் கண்காணிப்பாளர், அவருக்கு இந்தப் பக்கம் தலைவரின் மனைவி, அந்தப் பக்கம் மற்ற துறைத் தலைவர்கள். கையெழுத்துப் போடும் விரல்கள் அத்தனையும் அந்த ஒரு வரிசையில் மடிமேல் கிடந்தன. தலைவர் பேசினார். இந்த ஆண்டு எத்தனை மணி நேரத்தை மக்களிடமிருந்து காப்பாற்றினோம் என்று பட்டியல் படித்தார். "நாங்க எதுக்குப் பார்க்கறோம்? நீங்க யாரும் பார்க்காம இருக்கறதுக்காகப் பார்க்கறோம்" என்றபோது கைதட்டல் அடங்க நேரமாயிற்று. பிறகு, இன்று ஒரு நாள் மட்டும் எல்லாரும் பார்க்கலாம் என்று சொல்லி விளக்கை அணைக்கச் சொன்னார்.

முதலில் மற்றவர்களின் வெட்டுகள். முத்தம், வசவு, ஓர் அமைச்சர் மூக்கைக் குடைவது. குடும்பங்கள் விழுந்து விழுந்து சிரித்தன. அதன்பின் அவளுடையது வந்தது. வைப்பறைக்காரர் நாற்பத்தேழையும், டப்பா எண்ணைப் பார்க்காமல் குறித்திருந்த நிமிடத்தைப் பார்த்து, படத்தில் இருந்த வரிசையிலேயே ஒட்டியிருந்தார். முப்பது வருடத்தில் அவர் முழுதாகப் பார்த்த முதல் கதை அது. தொடக்கத்தில் இரண்டு மூன்று பேர் பழக்கத்தில் சிரித்தார்கள். காலி நடைபாதை வந்தபோது அடங்கிவிட்டார்கள்.

பிறகு திரையில் கணவர் பேசினார். அந்த ஸ்பீக்கரில் அவர் மூச்சு இழுப்பது கூரையிலிருந்து வருவதுபோல இருந்தது. எந்தத் திருகு முதலில், எந்தத் திருகு அடுத்தது, நாற்பது நிமிடம் என்றார். தலைவர் மணி அடித்த இடத்தைத் தாண்டி அவர் பேசிக்கொண்டே போனார்.

"இந்தக் காயில் இங்க மட்டும் இல்லை. ஊர்ல இருக்கற எல்லா அரசாங்கக் கட்டடத்துக்கும் ஒரே வருஷம் ஒரே இடத்துல வாங்கினது. பதினஞ்சு வருஷம் உழைக்கும்னு எழுதிக் குடுத்தான். இப்ப இருபது ஆச்சு. என் லிஃப்ட் நல்ல லிஃப்ட். எரிஞ்சதும் அப்படியே நின்னுடுச்சு, யாரையும் ஒண்ணும் பண்ணலை. எல்லா லிஃப்டும் இவ்வளவு நல்ல குணமா இருக்கும்னு நான் சொல்ல மாட்டேன்."

நாத்தனார் அண்ணியின் கையைப் பிடித்துக்கொண்டாள். தலை வாரும் காட்சி வந்தது. அவர் சிரித்தது அறுநூறு பேர் காதிலும் விழுந்தது. அப்புறம் படிக்கட்டு. தூக்குகிறவர்களின் மூச்சு. இரண்டாவது மாடி தாண்டித் திரும்பும் இடம். ஸ்ட்ரெச்சரைக் கீழே வைக்கும் சத்தம். பிறகு கேமரா சுவரைப் பார்த்துக்கொண்டே இருந்தது.

விளக்கு எரிந்தது. தலைவர் எழுந்து கைதட்டத் தொடங்கினார். அது குழுவுக்கான கைதட்டல் என்று ஞாபகம் வந்து அரங்கமும் தட்டியது.

தலைவரின் மனைவி மட்டும் தட்டவில்லை. பக்கத்தில் இருந்த கண்காணிப்பாளர் பக்கம் திரும்பினாள். "அந்தக் காயிலை மாத்திட்டீங்களா?"

"அது வெட்டின பகுதிம்மா" என்றார் அவர். "வெட்டின பகுதியில வர்ற விஷயத்துக்குப் பதில் சொல்ல எனக்கு அதிகாரம் கிடையாது."

படக்காரியை மேடைக்கு அழைத்து, கத்தரிக்கோல் உருவத்தில் செய்த கண்ணாடிப் பொருள் ஒன்றைக் கொடுத்தார்கள். அடுத்த படம் எப்போது என்று தலைவர் காதோரம் கேட்டார். அவர் குரல் அவள் காதில் ஏறவில்லை. கணவர் கேட்ட இடத்தில், கணவர் கேட்ட அளவு ஸ்பீக்கரில், கணவர் பேசி முடித்துவிட்டார். இனி ஒரு கையெழுத்துதான் பாக்கி.

அரங்கத்திலிருந்து முதலில் வெளியேறியவர்கள் துறைத் தலைவர்கள். அவர்கள் லிஃப்டின் முன்னால் போய் நின்றார்கள். கதவு திறந்தது. இயக்குகிறவர் வாங்க வாங்க என்றார். யாரும் உள்ளே கால் வைக்கவில்லை. பின்னால் வந்தவர்களும் நின்றார்கள். கூட்டம் சேர்ந்துவிட்டது. வாரியத் தலைவர் முன்னால் வந்து, தொண்டையைச் செருமிக்கொண்டு, இதனுடைய காயிலை எப்போது மாற்றியது என்று கேட்டார். எந்தக் காயிலுங்க என்றார் இயக்குகிறவர்.

அறுநூறு பேரும் படியில் இறங்கினார்கள். பல் மருத்துவர் வாயால் மூச்சு விட்டுக்கொண்டு இறங்கினார். கண்காணிப்பாளர் கைப்பிடியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு பக்கவாட்டில் இறங்கினார். மூன்றாவது மாடிக்கும் இரண்டாவது மாடிக்கும் நடுவில் திரும்பும் இடத்தில் எல்லாரும் இளைப்பாற நின்றார்கள். அங்கே ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொள்ளவில்லை. எல்லாரும் போகட்டும் என்று அண்ணியும் நாத்தனாரும் மேலேயே காத்திருந்தார்கள்.

"காதுல விழுந்துடுச்சு அண்ணி" என்றாள் நாத்தனார்.

விழுந்துதான் இருந்தது. மறுநாளே அவசரக் கூட்டம் கூட்டினார்கள். நான்கே நாளில் புதுக் காயில் வந்தது. அவர் சொன்ன வரிசையிலேயே திருகுகளைக் கழற்றி, நாற்பது நிமிடத்தில் மாட்டினார்கள். வாரியக் கட்டடத்து லிஃப்டில். மற்றத் துறைகளும் அவரவர் அலுவலக லிஃப்டில் மாட்டிக்கொண்டன. பொது மருத்துவமனையின் கோப்பு மட்டும் பரிசீலனையில் இருந்தது. கண்காணிப்பாளரின் அறை அங்கே தரைத்தளத்தில்.

வைப்பறைக்காரர்தான் தொலைபேசியில் கூப்பிட்டுச் சொன்னார். வாரியக் கட்டடத்திலிருந்து வெட்டி எடுக்கும் எதுவும் வைப்பறைக்குத்தான் வரவேண்டும் என்பதால், கழற்றிய பழைய காயிலையும் தகர டப்பாவில் போட்டு அரக்கு வைத்துக் கொண்டுவந்து கொடுத்துவிட்டார்களாம். அவளுடைய நாற்பத்தேழுக்குப் பக்கத்தில் நாற்பத்தெட்டாவதாக இருக்கிறதாம். "நல்லா வேலை செய்யற காயில்மா. எரியலை, ஒண்ணும் ஆகலை. எனக்கு மனசு கேக்கலை, அதான் சொன்னேன்."

படக்காரி அன்றே விண்ணப்பம் எழுதினாள். அந்தக் காயிலை மருத்துவமனைக்கு இரவல் கொடுத்தால் போதும், மாட்டுவதற்கு ஆளைத் தானே கொண்டுவருகிறேன் என்று எழுதினாள். கண்காணிப்பாளரையும் பார்த்தாள். முறையாக வந்தால் தனக்கு ஆட்சேபணை இல்லை என்றார் அவர். வாரியத்தின் பதில் மூன்று வாரம் கழித்து வந்தது. நாத்தனார் அதைச் சமையலறை மேசையில் பிரித்து வாய்விட்டுப் படித்தாள்.

"தங்கள் விண்ணப்பம் பரிவுடன் பரிசீலிக்கப்பட்டது. வாரியத்தால் அகற்றப்பட்ட எப்பொருளும் மீண்டும் பொதுப் பயன்பாட்டுக்கு வருவது முறையன்று. எனினும் மேற்படி காயில் அடுத்த நிறுவன நாளன்று உரிய விளக்கத்துடன் பார்வைக்கு வைக்கப்படும். தங்களுக்கும் தங்கள் நாத்தனாருக்கும் முன்வரிசையில் இரண்டு இருக்கைகள் ஒதுக்கப்பட்டுள்ளன. விழா ஐந்தாவது மாடியில் நடைபெறும். மின்தூக்கி மிக நல்ல நிலையில் இயங்குகிறது."